படித்துக் காட்டி விளக்கப்பட்டது

அவர் யாரையும் ஒரு வாக்கியத்தை முடிக்க விட்டதில்லை. பேசிக்கொண்டிருப்பவருக்கு நேரே வலது கையின் இரண்டு விரல்களை உயர்த்துவார். முகத்தில் எரிச்சல் இருக்காது; உதட்டோரம் ஒரு சின்னச் சிரிப்புகூட இருக்கும். "புரிஞ்சுது. நான் பாத்துக்கிறேன்" என்பார். அதற்கு மேல் பேச ஒன்றும் இராது. வந்தவர் பாதி வாக்கியத்தை வாயில் வைத்துக்கொண்டே எழுந்து, கும்பிட்டுவிட்டு, பதினேழு படிகளையும் இறங்கிப் போவார்.

ஆறு வருடம் நான்கு மாதம் நான் அவரிடம் வக்கீல் குமாஸ்தாவாக இருந்தேன். பிரிக்பீல்ட்ஸில், ரயில்வே குடியிருப்புக்குப் போகும் சாலையில், பூக்கடைக்கு மேல்மாடி. நான் சேர்ந்தபோது எனக்கு இருபத்திரண்டு வயது. அவருக்கு எழுபதுக்கு மேல். அந்த வயதிலும் வெள்ளைக் கோட்டை ஆணியில் மாட்டிவிட்டு எட்டரை மணிக்கு நாற்காலியில் உட்கார்ந்துவிடுவார். நான் ஒரு நாள்கூட அவருக்கு முன்னால் வந்ததில்லை. எட்டு இருபதுக்கு வந்து பார்த்திருக்கிறேன். அன்றும் கோட்டு ஆணியில் தொங்கிக்கொண்டிருந்தது.

அவர் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. அதை ஒரு மண்டபத்தின் வாசலில் எழுதப்போகிறார்கள். அது போதும்.

அவர் வழக்கறிஞர் மட்டுமல்ல. வெள்ளைக்காரர் காலத்தில், நாடு சுதந்திரம் வாங்குவதற்குச் சில வருடங்களுக்கு முன்பு, சட்டசபையில் உறுப்பினராக இருந்தவர். தொழிலாளர் சார்பில் நியமிக்கப்பட்டவர். அந்தச் சபையின் நடவடிக்கைக் குறிப்புகள் தோல் அட்டை போட்டு ஒரு கண்ணாடி அலமாரியில் இருந்தன. மற்ற சட்டப் புத்தகங்களுக்குத் தூசி தட்டுவது என் வேலை. அந்த அலமாரியை அவரே துடைப்பார். தான் பேசிய பக்கங்களில் எல்லாம் நீல நாடா வைத்திருந்தார்.

அந்த நாட்களைப் பற்றி அவர் விரும்பிச் சொல்லும் கதை ஒன்று உண்டு. தோட்டத் தொழிலாளர்களின் லயத்து வரிசை வீடுகளை இடித்துவிட்டு, செங்கல் வீடுகள் கட்டிக் குழாய்த் தண்ணீர் கொடுக்க வேண்டும் என்று சபையில் பேசினாராம். தேநீர் இடைவேளையில் ஒரு வெள்ளைக்கார அதிகாரி பக்கத்தில் வந்து, உங்கள் ஆட்கள் இதைத்தான் விரும்புகிறார்களா, அவர்களைக் கேட்டுப் பார்த்தீர்களா என்று விசாரித்தாராம். "என்னைக் கேட்டா அவங்களைக் கேட்ட மாதிரிதான்" என்று இவர் திருப்பிக் கொடுத்தாராம். சொல்லிவிட்டு மேசையை ஒரு தட்டுத் தட்டுவார். கேட்டவர்கள் எல்லோரும் சிரிப்பார்கள். நானும் சிரித்திருக்கிறேன். என் காலத்தில் அந்தக் கதையைப் பதினொரு தடவை சொன்னார். அன்றாடம் டயரி எழுதும் பழக்கம் எனக்குப் பள்ளி நாளிலிருந்து உண்டு. எண்ணிக்கை அதிலிருந்து எடுத்தது.

செங்கல் வீடுகள் பற்றிய அவருடைய கோரிக்கைக்கு, அது பரிசீலனையில் இருக்கிறது என்று அரசாங்கம் பதில் சொன்னது. அந்தப் பக்கத்தில் மட்டும் இரண்டு நாடாக்கள் இருந்தன.

சுதந்திரத்துக்குப் பிறகு ஒரே ஒரு முறை தேர்தலில் நின்று தோற்றுப்போனார். அதை அவர் சொன்னதில்லை. எதிர்க் கடையில் கண்ணாடி விற்ற பெரியவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். ஒரு நாள் பேச்சுவாக்கில் நான் அதைக் கேட்டுவிட்டேன். அவர் கோபப்படவில்லை. "அவங்களுக்கு அப்ப ஓட்டுப் போடத் தெரியல" என்றார். அவரைப் பற்றி அந்த மக்களிடம் யாராவது அபிப்பிராயம் கேட்டது அந்த ஒரு தடவைதான்.

அவர் கெட்டவர் இல்லை. இதை முதலிலேயே எழுதியிருக்க வேண்டும். வெள்ளைக்காரர் காலத்தில் அவசரகாலச் சட்டம் இருந்தபோது, கிள்ளானுக்கு அப்பால் ஒரு தோட்டத்தைக் கம்பி வேலி போட்டு அடைத்துவிட்டார்கள். உள்ளே குழந்தைகளுக்கு வயிற்றுப்போக்கு. இவர் தன் சின்னக் காரில் ஒரு டாக்டரை ஏற்றிக்கொண்டு போய், கதவைத் திறக்க மாட்டேன் என்ற துரையின் முன்னால் காலையிலிருந்து மத்தியானம் வரை மழையில் அதே வெள்ளைக் கோட்டுடன் நின்றிருக்கிறார். கதவு திறந்தது. கண்ணாடிக் கடைப் பெரியவருடைய தம்பி அந்தக் குழந்தைகளில் ஒருவர். தோட்டத்து ஜனங்களிடம் இவர் கட்டணம் வாங்கியதும் இல்லை. ஆகவே அவர்கள் லோரியிலும் பஸ்ஸிலும் வந்து இறங்கிக்கொண்டே இருந்தார்கள். அவர் அவர்களுக்காகப் பேசிக்கொண்டே இருந்தார்.

ஒரு முறை சுங்கை வேயிலிருந்து ஒரு பெண் வந்தாள். "எங்க வீட்டுக்காரரு..." என்று ஆரம்பித்தாள், முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். விரல்கள் எழுந்தன. அவள் போன பத்தாவது நிமிடம், மனைவியைக் கைவிட்டதற்கும் துன்புறுத்தியதற்கும் ஏன் நடவடிக்கை எடுக்கக் கூடாது என்று அவள் கணவனுக்கு ஒரு நோட்டீஸ் சொல்லச் சொல்லத் தட்டச்சு செய்தேன். நல்ல நோட்டீஸ். நான்காம் நாள் அந்தக் கணவனே படியேறி வந்தான். தொழிற்சாலைச் சட்டை, கையில் நோட்டீஸ். அவன் அடையாள அட்டையை இரண்டாவது தடவையாகத் தொலைத்துவிட்டான். அதைப் பதிவு அலுவலகத்தில் போய்ச் சொல்லப் பயந்து வீட்டில் உட்கார்ந்திருந்தான். அதற்கு என்ன செய்வது என்று கேட்கத்தான் அவள் வந்திருக்கிறாள். "சார், அவ என்னைய விட்டுட்டுப் போறாளா சார்?" என்று அவன் கேட்டான். அவர் நோட்டீஸை வாங்கிப் படித்துப் பார்த்தார். பிறகு என்னிடம், மூன்றாவது பத்தி நன்றாக வந்திருக்கிறது, இல்லையா என்றார்.

ஹோட்டலில் கூட வந்தவர்களுக்கும் என்ன வேண்டும் என்று அவரேதான் சொல்லுவார். நான் பால் விடாத தே ஓ குடிப்பவன். அவருடன் போன நாட்களில் எல்லாம் அவருக்குக் காப்பி, எனக்குப் பால் விட்ட தேநீர்தான் வந்தது. அவர் மனைவி இதைக் கேட்டுச் சிரித்தார். அந்த வீட்டுக்குக் கோப்புகள் கொண்டுபோகும்போது அந்த அம்மாளுடன் நான்கு வார்த்தை பேசுவதுண்டு. "உனக்கு ஆறு வருஷம்தான தம்பி" என்றார். "எனக்குக் காப்பியே பிடிக்காது. கல்யாணத்தன்னிக்கு இவரு எல்லார்கிட்டயும் இவளுக்குக் காப்பின்னா உயிருன்னு சொல்லிட்டாரு. நாப்பத்தாறு வருஷமா குடிச்சிக்கிட்டு இருக்கேன்." சொல்லிவிட்டு, கையிலிருந்த காப்பியைக் குடித்தார்.

இவையெல்லாம் சிரிக்கக்கூடியவை. அடுத்தது அப்படியல்ல.

தெலுக் பங்லிமா காராங் பக்கத்தில் ஒரு தோட்டத்தைத் தொழிற்சாலைகள் கட்டுவதற்காக விற்றுவிட்டார்கள். லயத்தில் நாற்பத்திரண்டு குடும்பங்கள் இருந்தன. காலி செய்யச் சொல்லிக் கடிதம் வந்ததும் அவரைத் தேடி வந்தார்கள். நாங்கள் ஒரு ஞாயிற்றுக்கிழமை அங்கே போனோம். கோயில் பக்கத்துத் திடலில் எல்லோரும் கூடியிருந்தார்கள். அவர்கள் சார்பில் பேசியவர் பாக்கியம் என்ற பெண். நாற்பது வயது இருக்கும். காலையில் செம்பனைக் காட்டில் வேலை, மற்ற நேரத்தில் மாடு. ஐந்து பசு, இரண்டு கன்று. பந்திங் வரைக்கும் அவர் பால் போய்க்கொண்டிருந்தது. லயத்தில் பாதிப் பேருக்கு மேல் மாடு வைத்திருந்தார்கள். தோட்டச் சம்பளத்தில் அடுப்பு எரிந்தது. பிள்ளைகள் படித்தது பாலில்.

பாக்கியம் சொன்னது எனக்கு வார்த்தை வார்த்தையாக நினைவிருக்கிறது. டயரியிலும் இருக்கிறது.

"சார், வீடு எங்களுக்கு முக்கியமில்ல. பலகை வச்சி நாங்களே கட்டிக்குவோம். ஆளுக்கு இருபதுக்கு அறுபது அடி மண்ணு வாங்கிக் குடுங்க. பின்னால மாடு கட்ட எடம் வேணும். அது இல்லாம..."

விரல்கள் எழுந்தன. "புரிஞ்சுதும்மா. நான் பாத்துக்கிறேன்."

ஜனங்கள் கைதட்டினார்கள். பாக்கியமும் தட்டினார்.

தோட்டத்தை வாங்கிய கம்பெனியோடு அவர் நான்கு மாதம் பேசினார். உண்மையாகவே உழைத்தார். எழுபது வயதைத் தாண்டிய மனிதர், வாரத்துக்கு இரண்டு தடவை கம்பெனி வக்கீல்களின் அலுவலகத்துக்குப் போய், குளிரூட்டிய அறையில் உட்கார்ந்து, அவர்களைத் திணறடித்தார். கடைசியில் ஒரு முடிவு வந்தது. அன்று என்னைக் கூப்பிட்டு, எழுதிக்கொள் என்றார். கண்கள் மின்னின. நாற்பத்திரண்டு குடும்பங்களுக்கும் ஐந்து மாடி அடுக்குமாடிக் கட்டடத்தில் வீடு. செங்கல் சுவர், குழாய்த் தண்ணீர், மின்சாரம். ஒவ்வொருவரும் தனித்தனியாக ஒரு சத்தியப் பத்திரம் கொடுக்க வேண்டும். ஒன்பது பத்திகள். நான்காவது பத்தியில், இதற்குப் பதிலாக அந்த நிலத்தின் மீதும், கொட்டகை, தோட்டம், கால்நடை ஆகியவை தொடர்பாகவும் தனக்கு எந்த உரிமையும் கோரிக்கையும் இல்லை என்று பத்திரம் கொடுப்பவர் ஒப்புக்கொள்கிறார்.

எல்லாம் ஆங்கிலத்தில். தட்டச்சு செய்தவன் நான். நான்காவது பத்தியை அடிக்கும்போது கை நின்றது. "சார், அவங்க நிலம்தான கேட்டாங்க" என்றேன். அவர் கண்ணாடி அலமாரியைப் பார்த்தார். நிலத்தைக் கொடுத்தால் மறுபடியும் பலகைக் குடிசையும் சாணியும்தான், மனிதர்கள் மேலே வர வேண்டாமா என்றார்.

அவர்கள் லோரியில் வந்து இறங்கியது ஒரு வியாழக்கிழமை, காலை பத்து மணிக்கு. பூக்கடைக்கு முன்னால் ஐந்தடி நடைபாதையில் எல்லோரையும் நிறுத்தி, படியில் நின்றுகொண்டு பத்து நிமிடம் பேசினார். அவருடைய தமிழ் மிக அழகானது. பூக்கடைக்காரர் மாலை கட்டுவதை நிறுத்திவிட்டுக் கேட்டார். உங்களுக்கு வீடு கிடைத்துவிட்டது, செங்கல் வீடு, குழாயைத் திருகினால் தண்ணீர் என்றார். அடுக்குமாடி என்ற சொல் வரவில்லை. மாடு என்ற சொல்லும் வரவில்லை. அவர் ஏமாற்றுவதற்காக மறைத்தார் என்று நான் நினைக்கவில்லை. அவருக்கு அவை முக்கியமாகத் தோன்றவில்லை. இதில் எது மோசம் என்று எனக்கு இன்றுவரை முடிவு செய்ய முடியவில்லை.

பிறகு ஒவ்வொருவராக மேலே வந்தார்கள். மேசைமேல் மை ஒற்றும் பெட்டி. இடது பெருவிரல். பாக்கியம் ஒன்பதாவது ஆள். அவர் பேனா கேட்டார்.

"எனக்கு எழுதத் தெரியும் சார். ஆறாவது வரைக்கும் தோட்டத்துப் பள்ளிக்கூடத்துல படிச்சிருக்கேன். தமிழ்ல கையெழுத்துப் போடுவேன்."

"வேணாம்மா. ரேகை வை" என்றார் அவர். "நாப்பத்திரண்டு பேரும் ஒரே மாதிரி இருக்கணும். நீ மட்டும் கையெழுத்துப் போட்டா எதிர்த் தரப்பு வக்கீல் உன்னைத் தனியா கூப்பிட்டுக் கேள்வி கேப்பான். எதுக்கு வம்பு?"

பாக்கியம் ஒரு கணம் பேனாவைப் பார்த்தார். அது என் சட்டைப் பையில் இருந்தது. பிறகு விரலை நீட்டினார். நான்தான் அந்த விரலைப் பிடித்து மையில் உருட்டி, தாளில் உருட்டினேன். கரடுமுரடான விரல். ரேகை சரியாக விழவில்லை. அந்தத் தாளை ஒதுக்கிவிட்டு, இன்னொரு பிரதியில் இரண்டாவது தடவை எடுத்தேன்.

எழுதப் படிக்கத் தெரியாதவர் கொடுக்கும் பத்திரத்தின் அடியில் வழக்கமாக ஒரு வாசகம் இருக்கும். மேலே சொன்னவை அவருக்குத் தமிழில் படித்துக் காட்டி விளக்கப்பட்டன. அவர் அவற்றை முழுமையாக விளங்கிக்கொண்டதாகத் தோன்றியது. அதன் பிறகு என் முன்னிலையில் ரேகை வைத்தார். அதன் கீழே மொழிபெயர்த்துச் சொன்னவர் கையெழுத்துப் போட வேண்டும். அது நான். படித்துக் காட்ட வேண்டுமே என்று மெதுவாகக் கேட்டேன்.

"நாப்பத்திரண்டு தடவையா?" என்றார். "நான்தான் கீழ சொல்லிட்டேனே."

நாற்பத்திரண்டு தடவை கையெழுத்துப் போட்டேன். என் கையெழுத்து ஒன்றுபோல இருக்கும்; அன்றும் ஒன்றுபோலத்தான் இருந்தது.

மத்தியானம் எல்லோரையும் பக்கத்து வாழையிலைக் கடைக்கு அழைத்துப்போனார். எல்லோருக்கும் மீன் வைக்கச் சொன்னார். அது புரட்டாசி மாதம். வந்தவர்களில் முக்கால்வாசிப் பேர் விரதம். யாரும் சொல்லவில்லை. மீன் துண்டை இலையின் ஓரத்துக்குத் தள்ளிவிட்டு ரசத்தை மட்டும் ஊற்றிச் சாப்பிட்டார்கள். பாக்கியம் பக்கத்து இலையைப் பார்த்து, தன் இலையைப் பார்த்து, லேசாகச் சிரித்தார். எதிர் வரிசையில் அவர் தன் மீனை முள் எடுத்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். திரும்பி வரும்போது, "நல்லா சாப்பிட்டாங்க பாத்தியா" என்றார். இலையோரத்தில் கிடந்த மீன்களை நான் எண்ணினேன். முப்பத்தொன்று. ஏன் எண்ணினேன் என்று தெரியாது. அப்போது வாய் திறந்திருக்க வேண்டியவன் எண்ணிக்கொண்டிருந்தேன்.

ஏழு மாதம் கழித்துச் சாவி கொடுத்தார்கள். மறுநாள் பாக்கியம் படியேறி வந்தார். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை.

"சார், மூணாவது மாடி குடுத்திருக்காங்க. மாட்ட எங்க சார் கட்டுறது?"

ஏதோ வேடிக்கை என்று நினைத்து அவர் சிரித்துவிட்டார். பாக்கியம் சிரிக்காததைப் பார்த்ததும் எழுந்துபோய் அலமாரியைத் திறந்தார். இரண்டு நாடா வைத்த பக்கத்தை எடுத்து, தான் அந்தக் காலத்தில் சபையில் பேசியதை ஆங்கிலத்திலேயே உரக்கப் படித்தார். செங்கல் வீடுகள், குழாய்த் தண்ணீர். பிறகு அரசாங்கத்தின் பதில். "பரிசீலனையில இருக்குன்னாங்கம்மா. நாப்பது வருஷம் ஆயிருச்சு. விடல. வாங்கிட்டேன்" என்றார். அவர் கண்ணில் தண்ணீர் வந்து நான் பார்த்தது அன்று மட்டும்தான்.

பாக்கியம் முழுவதையும் கேட்டார். ஒரு வார்த்தைகூடக் குறுக்கே பேசவில்லை.

"நீங்க கேட்டது உங்களுக்குக் கெடைச்சிருச்சு சார்" என்றார். "நாங்க கேட்டது?"

விரல்கள் எழுந்தன. ஆனால் எதிரே யாரும் பேசிக்கொண்டிருக்கவில்லை. பாக்கியம் சொல்ல வந்ததை முடித்திருந்தார். அந்த இரண்டு விரல்களும் சிறிது நேரம் அப்படியே நின்று, பிறகு மேசைமேல் இறங்கின.

பாக்கியம் கிள்ளானில் ஓர் இளம் வழக்கறிஞரைப் பிடித்தார். பத்திரம் தனக்குப் படித்துக் காட்டப்படவில்லை, தனக்கு எழுதத் தெரிந்திருந்தும் ரேகை வாங்கினார்கள், ஆகவே அது செல்லாது என்று வழக்குப் போட்டார். அந்த இளைஞர் ஒரு நாள் என்னைக் கீழே பூக்கடை அருகில் மறித்தார். மரியாதையாகத்தான் பேசினார். தனக்கு ஒரே ஒரு வரி போதும் என்றார். படித்துக் காட்டவில்லை என்று நான் சொல்லிவிட்டால் நாற்பத்திரண்டு பத்திரங்களும் விழுந்துவிடும். யோசித்துச் சொல்வதாகச் சொன்னேன். பொய்ச் சான்று கொடுத்தவன் என்று வேலை போகலாம், வழக்கும் வரலாம். எனக்கு அப்போதுதான் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. இரண்டு நாள் யோசித்தேன். மூன்றாம் நாள் மாடியில் அவர் அறைக்குள் போனேன்.

"சார், அந்தப் பாக்கியம் கேஸ்ல நான்..."

"புரிஞ்சுது" என்றார். விரல்கள் என் முகத்துக்கு நேரே இருந்தன. அதுவரை மற்றவர்களுக்கு உயர்ந்ததைத்தான் பக்கவாட்டில் பார்த்திருந்தேன். நேரே பார்த்தது அதுதான் முதல் தடவை. "நீ ஒண்ணும் பேச வேண்டாம். உனக்காக நான் பேசிக்கிறேன்."

என் சார்பில் ஒரு சத்தியப் பத்திரத்தை அவரே சொல்ல, நானே தட்டச்சு செய்தேன். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகத் தமிழில் படித்துக் காட்டி விளக்கினேன் என்று அது சொன்னது. எனக்கு ஆங்கிலம் தெரியும். முழுவதும் படித்துப் பார்த்தேன். கையில் பேனாவும் இருந்தது. கையெழுத்துப் போட்டேன். நெஞ்சிலிருந்து ஏதோ இறங்கியது போல இருந்தது என்பதையும் எழுதிவிட வேண்டும். ஒருவர் நமக்காகப் பேசிவிடுவது எவ்வளவு சுகம் என்று அன்று தெரிந்தது. தோட்டத்து ஜனங்கள் ஏன் கைதட்டினார்கள் என்பதும் தெரிந்தது.

வழக்கு தோற்றது. பாக்கியத்தின் ஐந்து பசுக்களையும் கன்றுகளையும் இறைச்சிக்கு வாங்கும் ஓர் ஆள் லோரி கொண்டுவந்து ஏற்றிப் போனான். பிரிக்பீல்ட்ஸுக்கு அவர்களை ஏற்றி வந்த அதே லோரி என்று பிறகு கேள்விப்பட்டேன். அதை நான் சரிபார்க்கவில்லை.

அந்த வருடக் கடைசியில் வேலையை விட்டேன். அவருக்குப் பக்கவாதம் வந்தது அதற்கு மூன்று வருடம் கழித்து. பேச்சு போய்விட்டது, வலது கையும் போய்விட்டது. நான் மூன்று தடவை பார்க்கப் போனேன். அந்த அம்மாள் கட்டிலருகே உட்கார்ந்து கோப்பையிலிருந்து கரண்டியால் ஊட்டிக்கொண்டிருந்தார். அவர் ஏதோ சொல்ல முயன்றார். தொண்டையில் சத்தம் மட்டும் வந்தது. இடது கையால் கோப்பையைத் தள்ளினார். அம்மாள் கோப்பையை மறுபடி அருகே கொண்டுவந்தார்.

"அவருக்கு இப்பல்லாம் டீதான் ரொம்பப் பிடிக்குது தம்பி" என்றார்.

மூன்று தடவையும் டீதான். அவர் கண்கள் என்னைப் பார்த்தன. எனக்கு இரக்கம் வந்தது, ஆனால் நான் ஒன்றும் சொல்லவில்லை. அந்த வீட்டில் ஒன்றும் சொல்லாமலிருப்பது எல்லோருக்கும் பழகியிருந்தது.

போன மாதம் இரண்டு பேர் என் வீட்டுக்கு வந்தார்கள். அவர் பெயரில் கட்டும் மண்டபத்தின் திறப்புக்கு ஒரு சிறப்பு மலர் போடுகிறார்களாம். ஊமை ஜனங்களின் குரல் என்பது மலரின் தலைப்பு. கூட இருந்தவர் என்ற முறையில் அங்கிள் இரண்டு பக்கம் எழுதித் தர வேண்டும் என்றார்கள். நல்லதா எழுதுங்க லா, என்று இளையவர் கும்பிட்டார். அவர்கள் போன பிறகு பழைய டயரிகளை இறக்கினேன். அந்த வருட டயரிக்குள் மடித்து வைத்த ஒரு கார்பன் பிரதி இருந்தது. பாக்கியத்தின் பத்திரம். முதல் தடவை எடுத்து, ரேகை சரியாக விழாமல் நான் ஒதுக்கி வைத்த தாள்.

செவ்வாய்க்கிழமை அதை எடுத்துக்கொண்டு அந்த அடுக்குமாடிக்குப் போனேன். மின்தூக்கி கிடையாது. மூன்றாவது மாடி. சுவரில் சுண்ணாம்பு உரிந்து செங்கல் தெரிந்தது. பாக்கியத்துக்கு எழுபத்தைந்தாவது இருக்கும். கம்பிக் கதவுக்கு அந்தப் பக்கம் நின்று என்னைப் பார்த்தார். யார் என்று சொன்னேன்.

"மைப் பொட்டி வச்சிருந்த தம்பி" என்றார். கதவைத் திறந்தார். கோபமும் இல்லை, வரவேற்பும் இல்லை. பால் போடவா வேணாமா, சீனி எவ்வளவு என்று கேட்டுக் கேட்டுத் தே ஓ கலக்கிக் கொடுத்தார். நான் மண்டபத்தைப் பற்றிச் சொன்னேன்.

"செங்கல்லுலதான கட்டுறாங்க?" என்றார். "அவருக்குப் பிடிக்கும்."

தாளை எடுத்தேன். இதை அன்று படித்துக் காட்டியிருக்க வேண்டும், படிக்காமலே படித்ததாகக் கையெழுத்துப் போட்டேன், கோர்ட்டுக்கும் அப்படியே எழுதிக் கொடுத்தேன், இப்போது படிக்கலாமா என்று கேட்டேன். பாக்கியம் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்தார். நான் முதல் பத்தியை ஆங்கிலத்தில் வாசித்து, தமிழில் சொன்னேன். அவசரப்படவில்லை. இரண்டாவது, மூன்றாவது. நான்காவது பத்தியில் கொட்டகை, கால்நடை என்ற சொற்கள் வந்தன. அதையும் சொல்லி முடித்தேன்.

"நிறுத்து தம்பி" என்றார்.

நிறுத்தினேன்.

"அன்னிக்கு நீ இத படிச்சிருந்தா நான் மாட்டேன்னு சொல்லியிருப்பேன். இன்னிக்குப் படிச்சா நான் என்னான்னு சொல்றது?"

மிச்சம் ஐந்து பத்திதான் இருக்கிறது என்று ஏதோ சொன்னேன். அது உனக்குத் தேவையென்றால் உன் வீட்டில் போய்ப் படித்துக்கொள் என்றார். வெளியே தூறல் விழுந்தது. பாக்கியம் எழுந்து நடைபாதைக்குப் போய், கொடியில் கிடந்த துணிகளை ஒவ்வொன்றாக எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டார். கீழே எட்டிப் பார்த்தார். அங்கே கார்கள் நின்றன. அவர் திரும்பி உள்ளே வருவார் என்று காத்திருந்தேன், வரவில்லை. தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு அவரைக் கடந்துதான் படிக்கு வர வேண்டியிருந்தது. ஒதுங்கி வழி விட்டார்.

மலருக்கு இன்னும் எதுவும் அனுப்பவில்லை. அன்றைய டயரியில் இருப்பது இவ்வளவுதான்:

செவ்வாய். மாலை 4.15 முதல் 4.50 வரை. தூறல். மொத்தம் ஒன்பது பத்தி, படித்தது நான்கு. படித்துக் காட்டி விளக்கப்படவில்லை.